மசியனுக்கு உடம்பு செய்தல்: கடுக்காய் மை, கணவாய் மை, விளக்குக்கரி

கையால் வரைந்து, கையாலேயே தைத்துக் கட்டப்போகிற ஒரு கற்பனை உலகப் புத்தகத்துக்காக மசியன் என்று ஒரு பிராணியை உருவாக்கிக்கொண்டிருக்கிறேன். முழுக்க மையால் ஆனது, உயிருள்ளது, தாள் விட்டுத் தாள் ஊர்ந்து போகும். கடலுக்குள் பாதி இறங்கிப்போன ஓர் ஏட்டுச்சாலைதான் அதன் வீடு. பாம்பு உடம்பு, சொட்டும் வால் என்று வரைந்த ஆரம்பப் படங்கள் வடிவாகத்தான் வந்தன, ஆனால் மை என்ன பாடுபடுமோ அதெல்லாம் இதுவும் பட வேண்டும் என்று எனக்குப் பிடிவாதம். அதனால் பென்சிலை வைத்துவிட்டு மை காய்ச்சத் தொடங்கினேன்.

முதலில் கடுக்காய் மை. கடுக்காயும் அன்னபேதி என்கிற இரும்பு உப்பும் கொழும்பு புறக்கோட்டையில் நாட்டுமருந்துக் கடையில் கிடைக்கும். கொட்டையை எடுத்துவிட்டுத் தோலை மட்டும் இடித்து, இரவு முழுக்க ஊறவைத்து, துணியில் வடித்து, அந்தப் பழுப்புத் தண்ணீரில் அன்னபேதியைக் கரைத்துக் கொஞ்சம் வேலம்பிசின் சேர்த்தால் தொட்டெழுதும் பேனைக்குச் சரியான பதம். சமையல் பாத்திரத்தில் செய்ய வேண்டாம், ஊற்றுப்பேனைக்குள் விடவும் வேண்டாம், அடைத்துவிடும்.

இந்த மையை நான் ஏன் விடாமல் பிடித்துக்கொண்டேன் என்றால், எழுதும்போது அது வெளிறிய சாம்பல் நிறம், காற்றுப் படப் படத்தான் கண் முன்னாலேயே கறுக்கிறது. கடுக்காயில் துவர்ப்பைத் தருகிற தனினும் அன்னபேதியின் இரும்பும் சேர்ந்து, ஒட்சிசன் பட்டதும் தண்ணீரில் கரையாத கறுப்பாகிவிடுகின்றன. ஐரோப்பாவில் ஓக் மரத்து மாசிக்காயை வைத்து நூற்றாண்டுக் கணக்கில் இதே வகை மையில்தான் எழுதினார்கள், அந்தப் பழைய தாள்களில் சிலவற்றை அமிலமும் இரும்பும் அரித்து எழுத்து இருந்த இடமே ஓட்டையாகிப் போயிருக்கிறது. மசியனின் பிறப்பும் சாப்பாடும் எனக்கு இதிலேயே கிடைத்துவிட்டன. குட்டி வெளிறிப் பிறக்கும், மூச்சு விட விடக் கறுக்கும், தங்குகிற தாளையே தின்னும், ஆகவே ஒரே ஏட்டில் அதிக காலம் இருக்க அதற்கு வழியில்லை.

அப்புறம் தேசிக்காய். இரும்பு மைக் கறைக்குத் தேசிக்காய்ப் புளி போடுவது பழைய வீட்டு வைத்தியம்தான், சிற்றிக் அமிலம் இரும்பைப் பிரித்து இழுத்துக்கொள்ளும். நன்றாகக் கறுத்துக் காய்ந்த ஒரு கோட்டின் நடுவில் ஒரு சொட்டுச் சாறு விட்டேன். விளிம்பு முதலில் ஊதாவாகி, பிறகு பழுப்பாகி, நடுவிலிருந்து கறுப்பு கழன்று வெளியே ஓடி, சொட்டு காய்ந்தபோது கோடு இருந்த இடத்தில் லேசான மஞ்சள் தடம் மட்டும் இருந்தது. கண்ணூறு கழிக்கவும், புது வாகனத்தின் சில்லுக்கு அடியில் வைத்து நசிக்கவும் நாங்கள் எடுக்கிற அதே தேசிக்காய் என் பிராணியின் உயிரையும் எடுக்கிறது என்பதைப் பார்த்ததும் உடம்பு சிலிர்த்துவிட்டது. இதைவிடப் பொருத்தமான ஆயுதத்தை நானாக யோசித்திருந்தால் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

நடைக்குக் கணவாய். வெள்ளவத்தைச் சந்தையில் மீன்கார அண்ணையிடம் மைப்பையை உடைக்காமல் தாங்கோ என்று கேட்டேன். "எல்லாரும் அதைக் கழுவித் தரச் சொல்லுவினம், உங்களுக்கு மட்டும் மையோட வேணுமோ தங்கச்சி?" என்று கேட்டுவிட்டு, விரலால் பதமாகப் பிரித்து வாழையிலைத் துண்டில் வைத்துத் தந்தார். வெள்ளி மினுக்கம் கொண்ட சின்னப் பை. உள்ளே இருக்கும் கறுப்பு மெலனின், எங்கள் தலைமயிருக்கு நிறம் கொடுக்கிற அதே குடும்பம். கணவாய் வகைகள் சில வேளை மையோடு நிறையச் சளியையும் சேர்த்துத் துப்பும், அந்தக் கட்டி கலையாமல் கிட்டத்தட்ட அவற்றின் உடம்பளவு உருவமாகத் தண்ணீரில் நிற்கும், துரத்தி வருகிற மீன் அதைப் போய்க் கடிக்க, உண்மையான பிராணி ஓடிவிடும். மையால் ஆன ஒரு பொய் உடம்பு கடலுக்குள் ஏற்கனவே நீந்திக்கொண்டிருக்கிறது! மசியன் தப்பி ஓடும்போது தன் உருவத்தையே கழற்றிவிட்டுப் போவது இதிலிருந்து வந்தது. (கொழும்புப் புழுக்கத்தில் இந்த மை ஒரு நாள்கூடத் தாங்காது, குளிர்சாதனப் பெட்டியில் வைப்பதென்றால் இறுக்கி மூடிய போத்தல் வேண்டும்.)

மசியன் கீழே இறங்கும் விதத்துக்குக் கண்ணாடிப் பாத்திரத்தில் தண்ணீர் எடுத்து, அசையாமல் அடங்கும்வரை விட்டு, மேற்பரப்புக்கு மிக அருகிலிருந்து மையை ஒவ்வொரு சொட்டாக விட்டுப் பார்த்தேன். சொட்டு ஒரு வளையமாகி இறங்குகிறது, வளையத்தில் முடிச்சுகள் விழுகின்றன, ஒவ்வொரு முடிச்சும் ஒரு குட்டி வளையமாகி இன்னும் கீழே போகிறது. இலத்திரனைக் கண்டுபிடித்த ஜே. ஜே. தொம்சன் 1885 இலேயே நியூவல் என்பவரோடு சேர்ந்து இப்படி விழும் சொட்டுகளின் வளையங்களை ஆராய்ந்து எழுதியிருக்கிறார். மசியனுக்குக் கால் வரைகிற எண்ணத்தை அன்றோடு விட்டுவிட்டேன், அது வளையம் வளையமாகப் பிரிந்து இறங்கி, அடியில் போய் ஒன்றுசேரும்.

எலும்புதான் கடைசியாக வந்தது. விளக்குப் புகையில் பிடித்த கரியைப் பிசினில் குழைத்தால் வருகிற மை வெயிலுக்கும் மங்காது, தேசிக்காய்க்கும் அசையாது. அது மாறவே மாறாது என்பதால் சதைக்கு உதவாது, எலும்புக்கு அதைவிட்டால் வேறில்லை. ஓலைச்சுவடியிலும் கரிதான், எழுத்தாணியால் கீறிவிட்டுக் கரியும் எண்ணெயும் தடவித் துடைத்தால் கீறலுக்குள் மட்டும் கறுப்பு நிற்கும், ஆகவே என் கதையில் ஏட்டுக் காவலர்கள் ஓலையில் கீறி வைத்துத்தான் மசியனைச் சிறைபிடிக்கிறார்கள். கரி எங்கிருந்து வருகிறது என்பதற்கு நான் தேடி அலையவில்லை. 1981 இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்த கதையைக் கேட்டு வளர்ந்த வீட்டுப் பிள்ளை நான், எரிந்த புத்தகங்களின் கரியிலிருந்துதான் மசியனின் எலும்பு என்று எழுதியபோது கை நடுங்கியது, அந்த வரியை மாற்றுவதாக இல்லை.

இப்போது செய்துகொண்டிருப்பது இதுதான்: முதலில் கரி மையில் எலும்புக்கூட்டை வரைந்து நன்றாகக் காயவிட்டு, அதன் மேல் கடுக்காய் மையில் சதையைத் தீட்டுகிறேன். எலும்பு முழுக்க மறைந்துவிடும். அந்தப் பக்கத்தில் தேசிக்காய்ச் சாறு விட்டால் சதை கரைந்து எலும்பு மட்டும் வெளியே வருகிறது. சோதனைத் துண்டுகளில் அழகாக வருகிறது, இரண்டு மையும் ஒரே பிராணியாகிவிட்டன என்று அப்போதுதான் தோன்றியது. கொப்பித் தாள் சாற்றில் ஊறிச் சுருங்குகிறது, சதுர மீற்றருக்கு 300 கிராம் நிறையுள்ள நீர்வண்ணத் தாளில் அந்தப் பிரச்சினை இல்லை, ஆனால் அந்தத் தடிப்பை மடித்துத் தைப்பது கஷ்டம், ஆகவே இந்த ஒரு பக்கத்தை மட்டும் தனியாக வரைந்து புத்தகத்துக்குள் ஒட்டப் போகிறேன். தாள் வாங்க மலிபன் வீதிப் பக்கம் போக வேண்டும், மழை விட்டால் இந்த வாரமே.