நெடுவெட்டையின் நிழல் கணக்கு

போன கிழமை மட்டக்களப்பு, கல்லடியில் ஒரு வீட்டுக் கூரையில் ஏறினேன். எட்டு சோலர் பெனல். மூன்று மாதமாக கரண்ட் குறைவு என்று முறைப்பாடு. பார்த்தால், பக்கத்து வளவுத் தென்னையின் ஓலை காலை ஒன்பதரை வரைக்கும் மூன்றாவது பெனலின் மூலையில் படுத்துக் கிடக்கிறது. ஒரு மூலைதான்.

பெனலுக்குள் இருக்கும் செல்கள் மாலைபோல ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்தவை. ஒன்று நிழலுக்குள் போனால் அதோடு கோத்த மற்றவையும் அதன் அளவுக்கு இறங்கிவிடும். அதற்காகத்தான் வழக்கமாக ஒரு பெனலுக்கு மூன்று பைபாஸ் டயோட் வைக்கிறார்கள். நிழல் விழுந்த பங்கை விட்டுவிட்டு கரண்ட் சுற்றிக்கொண்டு போகும்.

"ஒரு துண்டு நிழலுக்கு ஏன் தம்பி மற்றதெல்லாம் படுக்குது?" என்று வீட்டுக்கார ஐயா கேட்டார்.

"துடக்கு மாதிரித்தான் ஐயா. ஒரு வீட்டில செத்தா குடிக்கே துடக்கு."

(துடக்கு என்றால் தீட்டு; குடி எங்கள் தாய்வழிக் குலம்.) அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நாலு வருஷமாக ஒரு தடித்த சி.ஆர். கொப்பியில் நான் எழுதிக்கொண்டிருக்கும் கற்பனை நாட்டின் சட்டத்தை வாய்தவறிச் சொல்லிவிட்டேனே என்று இருந்தது.

அந்த நாட்டின் பெயர் நெடுவெட்டை. மந்திரவாள், பறக்கும் குதிரை ஒன்றும் அங்கே இல்லை. வயல், ஒரு வாவி, கிழக்கே கடல், நிழலைப் பற்றி ஓயாமல் வழக்காடும் மனிதர்கள். நாம் ஒதுங்கி நிற்பதும் நிழல், காலோடு ஒட்டிக்கொண்டு வருவதும் நிழல். இரண்டும் ஒன்றேதான் என்பது அவர்களுடைய முதல் கொள்கை.

கல்லடிக் கடற்கரையில் பொழுதுபட்ட பிறகு எல்லோரும் கடலையும் வடையும் வாங்கிக்கொண்டு திரும்புவார்கள். ஒரு பத்து நிமிஷம் பொறுத்துக் கிழக்கே பாருங்கள். கடலோடு ஒட்டி நீலமும் சாம்பலும் கலந்த ஒரு பட்டி எழும்பும். அதற்கு மேலே மங்கலான ரோஸ் நிறம். அந்தப் பட்டி மேகம் இல்லை. பூமியின் நிழல் காற்றின்மேல் விழுவது. அது மேலே ஏறி நம்மை மூடுவதைத்தான் இரவு என்கிறோம். இவ்வளவும் நம்முடைய உலகத்து உண்மை. நெடுவெட்டையார் இதற்குமேல் ஒரு படி போகிறார்கள். அவர்களுக்கு அந்தப் பட்டி தாய்நிழல். விடியும்போது அது துண்டு துண்டாக உடைந்து கல்லுக்கும் மாட்டுக்கும் மனிதருக்கும் கடனாகப் போகிறது. பொழுதுபட அவளே கடலில் இருந்து எழும்பி வந்து எல்லாவற்றையும் வாங்கிக்கொள்கிறாள். பின்னேரத்தில் நிழல்கள் கிழக்கே நீளுவது ஏன்? அம்மா வருவது தெரிந்து எட்டிப் பார்க்கின்றன.

கடன் என்றால் யார் பெயரில் என்ற கேள்வி வரும். இதில் எனக்கு யோசனையே தேவைப்படவில்லை. மட்டக்களப்பில் பிறந்தவன் நான். குடியும், குடிக்குள் ஒரு தாய் வயிற்றில் கிளைத்த வயிற்றுவாரும் தாய்வழிதான். நெடுவெட்டையிலும் பிள்ளை பிறந்து முப்பத்தோராம் நாள் வரைக்கும் அதற்குத் தனிநிழல் கிடையாது, தாயின் நிழலுக்குள் கிடக்கும். பிறகுதான் ஒரு துண்டு பிரிந்து வரும். தகப்பனுடைய நிழல் தகப்பனோடு முடிந்தது. ஒரு பெண்ணின் நிழலுக்குக் கேடு வந்தால் அந்த வயிற்றுவார் முழுவதுக்கும் கண் மங்கும். அங்கே பைபாஸ் டயோட் கண்டுபிடிக்கப்படவில்லை.

எனக்கு மிகவும் பிடித்த சட்டம் மருத மரத்துச் சட்டம். மத்தியானம் வயலில் நின்றவர்கள் வரம்போரத்து மருதையின் கீழே ஒதுங்கினால், அந்த நேரம் மட்டும் எல்லோரும் மரத்தின் குடி. வயலுக்குச் சொந்தக்காரரான போடியாரும் அவருக்காக வயலில் பாடுபடும் முல்லைக்காரரும் அங்கே ஒன்று. மர நிழலுக்குள் நிற்கும் மனிதனின் நிழல் தனியாகத் தெரியாது, பார்த்திருப்பீர்கள். ஒரே சூரியனின் நிழல்கள் இரண்டு ஒன்றன்மேல் ஒன்று விழுந்தாலும் கறுப்பு அதிகமாகாது. இது பொறியியல் மாதிரி இருக்கும், அவர்களுக்கோ நீதி: ஒரே தாயிடம் வாங்கிய கடனை இரண்டு தரம் எழுத முடியாது. சோறு தின்று எழும்பி வெயிலுக்குள் கால் வைத்ததும் போடியார் மறுபடி போடியார்தான். அதை மாற்ற எனக்கு மனம் வரவில்லை.

எல்லைச் சண்டையும் உண்டு. சூரியன் ஒரு புள்ளி இல்லையே, அரைப் பாகை அகலமான தட்டு. அதனால் நிழலின் ஓரம் மங்கும். பத்து மீற்றர் உயரத்து ஓலையின் நிழலுக்கு அந்த மங்கல் ஒன்பது சென்ரிமீற்றர் அளவில் வரும். நெடுவெட்டையில் அந்த ஒன்பது சென்ரிமீற்றருக்காகத் தலைமுறை தலைமுறையாக வழக்கு நடக்கிறது. எங்கள் ஊர் வரம்பு வழக்குகளை அறிந்தவர்களுக்கு விளக்கத் தேவையில்லை.

இத்தனையும் எழுதிவிட்டு ஒரு இடத்தில் மாட்டிக்கொண்டேன். மட்டக்களப்புக்கு நேர் உச்சியில் சூரியன் வருஷத்தில் இரண்டு தரம் வரும்: ஏப்ரல் 9, 10 அளவில் ஒன்று, செப்டெம்பர் 2, 3 அளவில் மற்றது. இடைப்பட்ட காலத்தில் மத்தியான நிழல் தெற்கே விழும், மற்றக் காலம் வடக்கே. (நெடுவெட்டையில் இதற்கு நிழல் 'வீடு மாறுவது' என்று பெயர், கலியாணம் கட்டிப் பெண்வீட்டுக்குப் போகும் எங்கள் மாப்பிள்ளைமாரை நினைத்து வைத்தது.) அந்த உச்சிப் பொழுதில் நிழலே இல்லை. அப்படியென்றால் கடன் எங்கே போனது? தாய் பகலிலேயே வந்து வாங்கிவிட்டாள் என்று எழுதியிருந்தேன். எழுதும்போதே பொய்யாகத்தான் பட்டது.

இந்த ஏப்ரல் 9 அன்று களுவாஞ்சிகுடியில் எங்கள் வீட்டு மேல்தட்டில், தண்ணீர்த் தாங்கிக்குப் பக்கத்தில், ஒரு வெறும் சோடாப் போத்தலை நிறுத்திவைத்துக் காத்திருந்தேன். அக்காவின் மகள் பின்னாலேயே ஏறி வந்துவிட்டாள். ஒன்பது வயது. பள்ளிக்கூடம் லீவு. 12 மணி 5 நிமிஷத்துக்குப் போத்தலின் நிழல் அதன் அடிக்குள் சுருங்கிக்கொண்டது.

"பாத்தியா புள்ள, நிழல் போயிற்று."

"போகல்ல மாமா. கீழதான் கிடக்கு."

"எங்க?"

சொல்லாமல் குதித்தாள். இரண்டு பாதமும் தட்டை விட்டு எழும்பிய அந்த நொடியில், அவளுக்கு நேர் கீழே, அவளைத் தொடாமல், ஒரு கறுத்த வட்டம். மறுபடி குதித்தாள். மறுபடியும் வட்டம். பெனல் பூட்டத் தொடங்கி எத்தனை உச்சி வெயில் பார்த்திருப்பேன், ஒருநாளும் குதித்துப் பார்க்கத் தோன்றவில்லை.

"ரெண்டு பேரும் இறங்குங்க, மண்டை வெடிக்கப் போகுது!" கீழே இருந்து அக்கா.

அன்று பின்னேரம் தாய்நிழல் பகலில் வரும் பக்கத்தைக் கிழித்தேன். நிழல் எங்கும் போவதில்லை, ஆள்தான் அதன்மேல் ஏறி நிற்கிறார்; வருஷத்தில் இரண்டு தரம், கடனும் கடன்காரரும் ஒரே இடத்தில். ஆகையால் அந்த நேரம் நெடுவெட்டையில் எல்லோரும் காலை அழுத்தி ஊன்றி அசையாமல் நிற்க வேண்டும் என்று எழுதினேன். குதிப்பவருக்கு என்ன தண்டனை என்று யோசித்துக்கொண்டிருக்கையில் மருமகள் கொப்பியைப் பறித்து, பென்சிலால் ஓரத்தில் கிறுக்கிவிட்டுப் போனாள்:

'குதிச்சா நிழல் தனியா நிக்கும். அப்ப அது ஆருட குடி?'

என் பிள்ளைகளுக்கு என் குடி போகாது, அவர்களுக்கு அவர்களுடைய தாயின் குடி. இவளுக்குத்தான் எங்களுடையது. அந்தக் கேள்விக்குக் கீழே நான் இன்னும் ஒன்றும் எழுதவில்லை. அவளோ செப்டெம்பருக்கு இன்னும் உயரமாகக் குதிக்க வேண்டும் என்று இப்போதே முற்றத்தில் பழகுகிறாள். கோழிகள் நாலு பக்கமும் சிதறுகின்றன.