சிவனொளிபாதத்தில் அவிழ்ந்த அம்மாவின் முடிச்சு

2009இல், போரில் இடம்பெயர்ந்தோரை வைத்திருந்த செட்டிகுளம் முகாமில் தம்பியை உயிரோடு கண்ட அன்று, அம்மா சேலைத் தலைப்பைக் கிழித்து அதில் ஒரு குற்றிக்காசை முடிந்துவைத்தார். சிவனின் பாதம் பதிந்ததாக நாங்கள் கும்பிடும், இலங்கை மலையகத்துச் சிவனொளிபாதமலைக்கு இவனைக் கூட்டிவருவேன் என்பது நேர்த்தி. கொட்டில், தற்காலிக வீடு, கல்வீடு என்று எங்கே இருந்தாலும் அந்த முடிச்சு சாமிப்படத்துக்குப் பின்னால் இருந்தது. இந்த மாசியில்தான் அப்பன் சிவன் எங்களை அழைத்தான்.

வன்னியில் எங்கள் ஊர் முள்ளியவளையிலிருந்து வான் பிடித்து கண்டி, ஹற்றன் வழியாகப் போனோம். குளக்கட்டையே உயரமாகப் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். மஸ்கெலியாவுக்குப் பிறகு ஒரு பக்கம் தேயிலைச் சரிவு, மறுபக்கம் மவுசாக்கலை நீர்த்தேக்கம். பழைய மஸ்கெலியா நகரம் அந்தத் தண்ணீருக்குள்தான் இருக்கிறது. நீர் வற்றினால் மூழ்கிய கோயில் வெளியே தெரியுமாம். அதைக் கேட்டதும் அம்மா ஜன்னலோரம் கைகூப்பிக்கொண்டே வந்தார்.

நல்லதண்ணியில் வான் நிற்க முன்னரே அறைக்காரர் சூழ்ந்துவிட்டார்கள். ஒரு மணித்தியாலம் படுக்க, கேட்ட காசு அநியாயம். நேர்த்திக்கு வருகிற ஏழைச் சனத்திடம் இப்படிப் பறிக்கலாமா? அடிவாரத் தேநீர்க் கடை அக்கா, "வன்னியா? 77ல தமிழருக்கு எதிரா நடந்த கலவரத்துக்கப்புறம் எங்க சித்தப்பா குடும்பம் கிளிநொச்சிக்குத்தான் போனாங்க" என்று சொல்லி, அம்மாவின் பிளேன்டீக்குக் காசு வாங்க மறுத்துவிட்டார். அவர் நன்றாக இருக்க வேண்டும்.

இரவு 11 மணிக்கு ஏறத் தொடங்கினோம். 2243 மீற்றர் மலை, 5000க்கு மேல் படிகள். சீதகங்குல ஆற்றில் முகம் கழுவியதோடு அம்மாவின் முழங்கால் மறுத்துவிட்டது. முடிச்சைத் தம்பியின் கையில் வைத்து, "நீங்கள் போட்டு வாங்கோ பிள்ளை, நான் இங்க இருந்து கும்பிடுறன்" என்றார்.

தயவுசெய்து போயா (பௌர்ணமி) நாளிலும் வார இறுதியிலும் போகாதீர்கள். கடைசிப் படிகளில் ஓர் அடி வைக்கப் பத்து நிமிடம், குளிரில் விரல் மரத்துவிட்டது. போரில் பாய்ந்த செல் (எறிகணை) துண்டு இன்னும் இருக்கும் காலோடு தம்பி வாய் திறக்காமல் ஏறினான்.

பாதத்துக்கு முன் நிற்கக் கிடைத்தது அரை நிமிடம்கூட இல்லை. பின்னால் தள்ளுகிறார்கள். முடிச்சு 15 வருடத்துக்கு மேல் இறுகிக் கிடந்தது. விறைத்த விரலால் அவிழவில்லை. தம்பி பல்லால் கடித்து இழுத்தான். காசு கல்லில் விழுந்த சத்தம் எனக்குக் கேட்டது. அவன் குனிந்து, பாதத்தில் கைவைத்து, சின்னப்பிள்ளை மாதிரி அழுதான். அந்த நேரம் யாரும் எங்களைத் தள்ளவில்லை. அப்பனே, வேறென்ன கேட்பேன் உன்னிடம்!

அப்புறம் மணியை ஒருமுறை அடித்தோம், முதல் தரம் ஏறியவர்களுக்கு ஒன்றுதான். சூரியன் வந்ததும் மலையின் முக்கோண நிழல் மேற்கே மேகத்தில் விழுந்தது. சைவச் சனம் "அரோகரா" என்றது, அதைப் புத்தர் பாதமாகக் கும்பிடும் பௌத்தச் சனம் "சாது, சாது" என்றது.

இறங்கி வந்தபோது அம்மா அதே கல்லில் இருந்தார். ஒன்றும் கேட்கவில்லை. பாதத்தைத் தொட்ட தம்பியின் கையைப் பிடித்து, தன் இரண்டு கண்ணிலும் ஒற்றிக்கொண்டார்.