என் நாவலுக்கு ஒரு நோய் தேவைப்பட்டது

மூன்று வருடமாக ஒரு மிகுபுனைவு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் வரும் ஊரில் மந்திரம் எல்லாமே பாட்டுதான். மழைக்கு ஒரு பாட்டு, அடுப்பு பற்ற ஒரு பாட்டு, பிரசவ வலிக்கு ஒரு பாட்டு. அப்படிப்பட்ட ஊரில் குரல் போனால் எல்லாமே போச்சு, அதனால் குரலைத் தின்னும் ஒரு நோய் வேண்டும் என்று முதலிலேயே முடிவு செய்துவிட்டேன். பெயர் உப்புக்குரல். பாடப் பாட நாக்கில் உப்பு படியும், மெல்லத் தொண்டைக்குள் இறங்கும், குரல் கட்டும், கடைசியில் மூச்சும் அடைத்துவிடும்.

பெயர் சுலபமாகக் கிடைத்தது. அப்புறம் ஏழெட்டு மாதம் நகரவே முடியவில்லை.

முதல் வரைவில் வில்லன் சாபம் விடுவான், எனக்கு யாரைப் படுக்க வைக்கத் தோன்றியதோ அவர்களுக்கு நோய் வரும், மலை உச்சி மூலிகை வந்ததும் தீரும். செவிலியராக இருக்கும் என் அக்கா படித்துவிட்டுக் கேட்டாள்: "பாட்டைக் கேட்டாலே ஒட்டிக்கும்னு எழுதியிருக்க. அப்போ திருவிழா அன்னைக்கே ஊர் காலியாகியிருக்கணுமே, ஏன் ஆகலை?" என்னிடம் பதில் இல்லை. மந்திர நோய்தானே, எப்படி வேண்டுமானாலும் பரவட்டும் என்று நினைத்தது பெரிய தப்பு. அடுத்தது யார் என்று படிப்பவரால் ஊகிக்க முடிந்தால்தான் பயம் வரும்.

சரி, நோய்கள் எப்படிப் பரவுகின்றன என்று தேட ஆரம்பித்தபோது கையில் கிடைத்ததும் ஒரு மந்திர நோய்தான். 2005 செப்டம்பரில் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் என்ற இணைய விளையாட்டில், ஹக்கார் என்ற குருதிக் கடவுளோடு மோதுகிறவர்களைப் பிடிக்கும் ஒரு சாபம் இருந்தது. அது அந்தச் சண்டைக் களத்தோடு நிற்க வேண்டியது. ஆனால் வீரர்களின் வளர்ப்பு விலங்குகள் அதைச் சுமந்துகொண்டு நகரங்களுக்குள் வந்துவிட்டன. கணினியே இயக்கும் கடைக்காரர்களும் காவலர்களும் சாகாமல் பரப்பிக்கொண்டே இருந்தார்கள், புதிதாக ஆட வந்தவர்கள் நொடியில் விழுந்தார்கள். தனிமைப்படுத்திப் பார்த்தும் அடங்காமல் கடைசியில் நிறுவனம் சர்வர்களையே மீட்டமைக்க வேண்டி வந்தது. 2007-ல் தொற்றுநோய் ஆய்வாளர்கள் இதை வைத்துக் கட்டுரையே எழுதினார்கள்.

எனக்கு அதிலிருந்து மைனா கிடைத்தது. பேசப் பழக்கிய மைனா நோயாளியின் பாட்டைக் கேட்டு அப்படியே திருப்பிப் பாடும், அதற்கு ஒன்றும் ஆகாது, கேட்கிற வீட்டுக்கு நோய் போய்ச் சேரும்.

அடுத்ததாக என்னை உலுக்கியது பப்புவா நியூ கினியில் ஃபோரே மக்களிடம் இருந்த குரு (kuru) என்ற மூளை நோய். இறந்தவரை உறவினர்கள் உண்ணும் ஈமச் சடங்கின் வழியாக அது பரவியது, அதனால் பெண்களும் குழந்தைகளும்தான் அதிகம் மாண்டார்கள். சடங்கு நின்று பல பத்தாண்டுகள் கழித்தும் சிலருக்கு வந்தது. பாசத்தோடு செய்கிற காரியமே நோயைக் கொடுக்கிறது என்பதைப் படித்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. எங்கள் பாட்டியின் ஒப்பாரி ஞாபகம் வந்தது. என் கதையிலும் செத்தவருக்காகப் பெண்கள்தானே பாடுவார்கள்? அதுதான் அக்கா கேள்விக்குப் பதில். திருவிழாப் பாட்டில் நோய் இல்லை, உப்புக்குரலில் செத்தவரின் கடைசிப் பாட்டை எடுத்துப் பாடும் ஒப்பாரியில் இருக்கிறது. கேட்டவருக்கும் ஒரு மழைக்காலம் முழுக்க ஒன்றும் தெரியாது. அதற்குள் அவர் எத்தனையோ சாவு வீடுகளுக்குப் போய்விடுவார்.

மூலிகையைத் தூக்கிப் போட்டுவிட்டேன். அந்த இடத்துக்கு அம்மை குத்தும் பழைய முறை வந்தது. 1796-ல் ஜென்னர் தடுப்பூசிக்கு வழி காட்டுவதற்கு முன்பே, இந்தியா உட்படப் பல இடங்களில் பெரியம்மைக் கொப்புளத்திலிருந்து எடுத்ததைக் கீறலில் வைப்பார்கள், நோய் லேசாக வந்து போய்விட்டால் மறுபடி வராது என்று. பெரியம்மை தானாக வந்தால் நூற்றுக்கு முப்பது பேர் வரை போவார்கள், இப்படிக் குத்தினால் ஒன்றிரண்டு பேர். என் கதையில் அது ஒரே ஒரு வரி. முழுப் பாட்டைக் கேட்டால் சாவு, ஒரு வரியோடு காதைப் பொத்திவிட்டால் லேசாக வந்து போகும், பெரும்பாலும். அந்தப் "பெரும்பாலும்" என்ற சொல்லைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு தாய் தன் குழந்தையின் காதிலிருந்து கையை எடுக்கிறாள். அந்த ஒரு பக்கத்தைப் பதினோரு தடவை எழுதினேன்.

குரல் போனவர்களின் வாழ்க்கையை எழுத மட்டும் நான் எதையும் தேடவில்லை. தொண்டைப் புற்றுநோய்க்குக் குரல்வளையை எடுத்த பிறகு அப்பா இரண்டு வருடம் இருந்தார். எங்களைக் கூப்பிடக் கை தட்டுவார். எனக்கு இரண்டு தட்டு, அக்காவுக்கு மூன்று. கதையில் ஊமையாகிப்போன பாட்டுக்காரி செம்பைத் தட்டி ஒவ்வொரு பிள்ளையையும் ஒவ்வொரு கணக்கில் கூப்பிடுகிறாள். அக்கா அந்த இடத்தைப் படித்துவிட்டு ரொம்ப நேரம் பேசவில்லை. அப்புறம், "மைனாக்களை என்ன பண்ணுவாங்க, கொன்னுடுவாங்களா?" என்று கேட்டாள். அந்த அத்தியாயத்தைத்தான் இப்போது எழுதிக்கொண்டிருக்கிறேன்.