வாசகர் வேறு, வாக்காளர் வேறு: சி.பா. ஆதித்தனார்

ஆதித்தனார் பற்றிப் பேசுபவர்கள் ‘தினத்தந்தி’யை ஒரு பக்கமும் அரசியலை இன்னொரு பக்கமும் வைத்துவிடுகிறார்கள். சேர்த்துப் பார்த்தால்தான் அவர் எங்கே வென்றார், எங்கே சறுக்கினார் என்பது பிடிபடும்.

திருச்செந்தூர் பக்கம் காயாமொழிக்காரர், 1905இல் பிறந்தவர். லண்டனில் பாரிஸ்டர் படித்து, சிங்கப்பூரில் வழக்கறிஞர் தொழில் செய்து, ஊர் திரும்பி 1942 நவம்பர் 1 அன்று மதுரையில் ‘தந்தி’யைத் தொடங்கினார்; அதுதான் பிறகு ‘தினத்தந்தி’ ஆனது. போர்க்காலம், காகிதம் கிடைக்காது. வைக்கோலைக் கூழாக்கிக் கையால் காகிதம் செய்து சமாளித்தார்கள்.

அதைவிடப் பெரிய வேலை மொழியில் நடந்தது. அன்றைய ஏடுகளின் நடை படித்தவர்களுக்கானது. சந்தி சேர்த்து நீளமாக எழுதிய சொல், ஒடுங்கிய பத்தியில் வரி முடிவில் உடையும். எழுத்துக் கூட்டிப் படிப்பவர் அங்கேயே நின்றுவிடுவார். ஆதித்தனார் சொல்லைப் பிரித்தார், வாக்கியத்தைக் குறுக்கினார், தலைப்பைப் பெரிதாக்கினார். பேசுகிற தமிழைக் கொச்சை நீக்கி எழுதச் சொன்னார். பிறகு ‘இதழாளர் கையேடு’ என்று புத்தகமே எழுதினார். டீக்கடையில் ஒருவர் உரக்கப் படிக்கப் பத்துப் பேர் கேட்க முடிந்தது இந்த நடையால்தான்.

இந்த வாசகர் கூட்டம் அப்படியே ஓட்டாக மாறவில்லை. 1952இல் திருச்செந்தூரிலும் 1957இல் சாத்தான்குளத்திலும் அவர் ஜெயித்தது உண்மைதான்; இரண்டும் சொந்த வட்டாரம். 1958இல் தனித் தமிழ்நாடு கேட்டு ‘நாம் தமிழர்’ இயக்கத்தைத் தொடங்கினார். 1962 தேர்தலில் கட்சியும் தோற்றது, அவரும் தோற்றார். அதே தேர்தலில் தி.மு.க. 50 இடங்களைப் பிடித்தது. தி.மு.க.வுக்கு ஊர்தோறும் கிளை இருந்தது, படிப்பகம் இருந்தது, மேடைப் பேச்சாளர்கள் இருந்தார்கள். பத்திரிகைக்கு ஊர்தோறும் ஏஜென்ட் இருக்கலாம். அவர் கட்டு பிரித்துப் பேப்பர் போடுவார், வீடு வீடாக ஓட்டுக் கேட்க மாட்டார். கொலை வழக்குச் செய்திக்காகப் பேப்பர் வாங்குகிறவர் காங்கிரஸ்காரராகவும் இருப்பார். மறு ஆண்டே வந்த 16ஆவது அரசியல் சட்டத் திருத்தம், பிரிவினை கேட்பவர் தேர்தலில் நிற்கவே முடியாதபடி செய்தது. கட்சியின் அடிப்படைக் கோரிக்கையே அடிபட்டுப் போனது.

1967இல் தி.மு.க.வின் உதயசூரியன் சின்னத்தில் ஸ்ரீவைகுண்டத்தில் நின்று வென்றார், பேரவைத் தலைவரானார். என் கணிப்பில் அவருடைய அரசியலில் கனமான காலம் இந்த ஒன்றரை ஆண்டுக்கும் குறைவான காலம்தான். பேரவை அலுவலைத் திருக்குறள் சொல்லித் தொடங்கும் வழக்கத்தைக் கொண்டுவந்தார். 1967 ஜூலை 18 அன்று மாநிலத்துக்குத் ‘தமிழ்நாடு’ என்று பெயர் மாற்றும் தீர்மானம் நிறைவேறியபோது பேரவைத் தலைவர் அவர்தான். தனி நாடு கேட்டவருக்கு மாநிலத்தின் பெயர்தான் கிடைத்தது என்று சிலர் குறைத்துப் பேசுவார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்தப் பெயருக்காகச் சங்கரலிங்கனார் 1956இல் பட்டினி கிடந்து உயிரையே விட்டிருக்கிறார்.

1969இல் கருணாநிதி அமைச்சரவையில் கூட்டுறவுத் துறை அமைச்சரானார். 1971இல் மீண்டும் ஸ்ரீவைகுண்டத்தில் வென்றார். 1981 மே 24 அன்று காலமானார்.