ஜாமீன் ரத்துக் கேள்வியும் தாளின் நடுவே ஒரு கோடும்

உரிமையியல் நீதிபதி தேர்வின் இறுதிப் பட்டியல் வந்து ஒன்பது நாட்கள் ஆகின்றன. என் பதிவெண் அதில் இருக்கிறது. இது எனக்கு இரண்டாவது முயற்சி. முதல் முறை மொழிபெயர்ப்புத் தாளும் தீர்ப்பு எழுதும் தாள்களும் கைகொடுத்தும், நடைமுறைச் சட்டத் தாள் என்னைக் கவிழ்த்துவிட்டது. ஒரே ஒரு கேள்விதான் காரணம் என்று இன்றுவரை நம்புகிறேன். மனைவியைக் கொடுமைப்படுத்திய வழக்கில் கணவனுக்கு ஜாமீன் கிடைக்கிறது. சேர்ந்து வாழ்வதாக நீதிமன்றத்தில் சொன்னவன் சொன்னபடி நடக்கவில்லை. ஜாமீனை ரத்து செய்ய வேண்டும் என்கிறாள் மனைவி. முடிவு செய்க. நான் மூன்று பக்கம் எழுதி ரத்து செய்தேன்.

அந்த மூன்று பக்கமும் என் அக்காவுக்காக எழுதியவை. அவளுடைய புகார் அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் பதிவானது. அவள் கணவர் குற்றவியல் நடுவர் முன் நின்று, "அழைத்துப் போய் நன்றாக வைத்துக்கொள்கிறேன்" என்றார். ஜாமீன் கிடைத்தது. அதன் பிறகு அவர் அழைக்க வரவும் இல்லை, குழந்தைக்குப் பால் வாங்க ஒரு ரூபாய் அனுப்பவும் இல்லை. அமர்வு நீதிமன்றத்தில் ரத்து கோரி ஏழு பக்க மனு போட்டோம். தள்ளுபடி ஆனது. அன்று நீதிமன்ற வளாகத்து வேப்பமரத்தடியில் அம்மா உட்கார்ந்த இடத்திலிருந்து எழவே இல்லை. அந்தக் கோபத்தோடுதான் நான் தேர்வு அறைக்குப் போயிருந்தேன்.

தோற்ற பிறகுதான் பிமன் சாட்டர்ஜி எதிர் சஞ்சிதா சாட்டர்ஜி (2004) தீர்ப்பை முழுதாகப் படித்தேன். அதுவும் 498ஏ வழக்கு, அதாவது பழைய தண்டனைச் சட்டத்தில் மனைவியைக் கொடுமைப்படுத்தும் குற்றத்துக்கான பிரிவு. சமரசம் ஆகிவிடும் என்ற நம்பிக்கையில் ஜாமீன் கொடுப்பதற்கும், சமரச நிபந்தனை மீறப்பட்டது என்று அதை ரத்து செய்வதற்கும் சட்டத்தில் இடமில்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. படித்து முடித்ததும் பீரோவிலிருந்து எங்கள் பழைய மனுவை எடுத்தேன். ஆறு பக்கம் முழுக்க அவர் பணம் தராததும் வராததும். கடைசிப் பக்கத்தில் ஒரு வரி: "எதிர்மனுதாரர் பக்கத்து வீட்டு அம்மாளிடமும் தகராறு செய்துள்ளார்."

அக்காவை அவள் கணவர் அடித்ததை ஜன்னல் வழியாகப் பார்த்தவர் அந்த அம்மாள். காவல்துறையின் சாட்சிப் பட்டியலில் இருப்பவர். ஜாமீனில் வந்த பன்னிரண்டாம் நாள் இரவு அக்காவின் கணவர் அவர் வீட்டு வாசலில் நின்று, "சாட்சிக் கூண்டில் ஏறினால் உன் மகன் இந்த ஊரில் வேலை செய்ய முடியாது" என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். மனுவில் தேதி இல்லை. அந்த அம்மாளின் பிரமாணப் பத்திரம் இல்லை. காவல் நிலையத்தில் ஒரு புகார்கூட இல்லை. ரத்துக்குத் தகுந்த ஒரே காரணம் எங்கள் கையில் இருந்தது. அதைத் 'தகராறு' என்ற ஒரு சொல்லுக்குள் புதைத்துவிட்டோம்.

அன்றிலிருந்து ஜாமீன் ரத்து பற்றிய எந்தக் கேள்வி வந்தாலும் தாளின் நடுவே ஒரு கோடு போடுவேன். இடப்பக்கம் ஜாமீனுக்கு முன் நடந்தது. வலப்பக்கம் பின் நடந்தது. வலப்பக்கத்தில் உள்ளவற்றில் வழக்கையும் விசாரணையையும் கெடுப்பவை எவையோ அவற்றை மட்டும் வட்டமிடுவேன். வேறு எதை மறந்தாலும் இந்தக் கோட்டை மறக்காதீர்கள்.

வட்டமிட வேண்டியவை:

– சாட்சியை மிரட்டுவது, விலைபேசுவது. மனைவியே முதல் சாட்சி என்பதால் புகாரைத் திரும்பப் பெறச் சொல்லி அவளை மிரட்டுவதும் இதில் அடங்கும்.
– ஆதாரத்தை அழிப்பது, விசாரணையில் குறுக்கிடுவது.
– அதே வகைக் குற்றத்தை மீண்டும் செய்வது.
– தலைமறைவாவது, வெளிநாடு தப்ப முயல்வது, பிணையாளரின் கைக்கு எட்டாமல் போவது.
– கையெழுத்து போடுவது போன்ற ஜாமீன் நிபந்தனைகளை வேண்டுமென்றே மீறுவது.

வட்டமிடக் கூடாதவை: ஜீவனாம்சம் தராதது, சேர்ந்து வாழ மறுப்பது, சமரசம் முறிந்தது. இவற்றுக்குப் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸின் ஜீவனாம்சப் பிரிவு 144 இருக்கிறது, குடும்ப வன்முறைச் சட்டம் இருக்கிறது, பாதுகாப்பு ஆணையை மீறினால் அந்தச் சட்டத்தின் 31ஆம் பிரிவு தனிக் குற்றமாக்குகிறது. முன்ஜாமீனுக்கு மாதம் 12,500 ரூபாய் ஜீவனாம்சம் என்று விதித்த நிபந்தனையையே முனீஷ் பசின் வழக்கில் (2009) உச்ச நீதிமன்றம் நீக்கியது. விடையில் இந்த மாற்று வழிகளை இரண்டு வரியில் எழுதுங்கள். மனைவியை வெறுங்கையோடு அனுப்பும் விடை எனக்கு இப்போதும் பிடிப்பதில்லை.

இன்னொரு இடத்தில் தமிழில் எழுதுவோர் நிறையவே சறுக்குகிறோம். 'ரத்து' என்ற ஒரே சொல்லால் இரண்டு வேறு காரியங்களைச் சொல்கிறோம். ஜாமீனில் வந்தவரின் நடத்தைக்காக அதைப் பறிப்பது ஒன்று. ஜாமீன் ஆணையே முக்கியமான ஆதாரங்களைக் கண்டுகொள்ளாமல் பிறந்த தவறான ஆணை என்று மேல் நீதிமன்றம் அதைச் செல்லாததாக்குவது இன்னொன்று. முதலாவதற்குத் தௌலத் ராம் (1995): ஜாமீன் மறுப்பதற்குப் போதுமான காரணம், கொடுத்ததைப் பறிக்கப் போதாது; மிக வலுவான சூழ்நிலை வேண்டும். இரண்டாவதற்குப் பூரண் எதிர் ராம்பிலாஸ் (2001): அது வரதட்சணை மரண வழக்கு, அங்கே ஜாமீனுக்குப் பின் நடத்தை கெட்டதா என்று பார்க்க வேண்டிய தேவையே இல்லை. கேள்வியில் மனைவி இறந்திருந்தால், கோட்டின் இடப்பக்கத்தையும் ஒருமுறை படித்துவிட்டு முடிவெடுங்கள். வழக்கு புதிய தண்டனைச் சட்டமான பி.என்.எஸ்.ஸின் 85இல் (கொடுமை) தொடங்கிப் பிறகு 80 (வரதட்சணை மரணம்) சேர்க்கப்பட்டிருந்தால் பிரதீப் ராம் (2019) தீர்ப்பைப் பாருங்கள்.

மற்றவற்றை வேகமாகச் சொல்லிவிடுகிறேன்.

பிரிவுகள் (பி.என்.எஸ்.எஸ்.): ஜாமீன் கொடுத்த நீதிமன்றமே பறிக்க 480(5), அமர்வு நீதிமன்றத்துக்கும் உயர் நீதிமன்றத்துக்கும் 483(3). முன்ஜாமீனைப் பறிப்பதும் 483(3)க்குள் வரும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் எண்களை (437(5), 439(2)) பக்கத்தில் எழுதுங்கள். முன்தீர்ப்புகள் எல்லாம் அவற்றில்தான் பேசுகின்றன.

யார் மனு போடலாம்: அரசு மட்டும் இல்லை, பாதிக்கப்பட்டவரும் போடலாம். ஆர். ரத்தினம் (2000), மேலவளவு கொலை வழக்கில் வழக்கறிஞர்கள் கொடுத்த மனுவிலிருந்து பிறந்த தீர்ப்பு.

நிரூபண அளவு: சஞ்சய் காந்தி (1978). ஐயத்துக்கு அப்பால் நிரூபிக்க வேண்டியதில்லை, நிகழ்தகவு ஓங்கியிருந்தால் போதும். எதிர்த்தரப்புக்கு அறிவிப்புக் கொடுத்துக் கேட்ட பிறகே ஆணை.

சென்னை உயர் நீதிமன்ற ஜாமீன் ஆணைகளின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். நிபந்தனை மீறினால் தானே ஜாமீன் கொடுத்ததுபோல் நடுவர் நடவடிக்கை எடுக்கலாம் என்று பி.கே. ஷாஜி (2005) தீர்ப்பைச் சுட்டியிருக்கும். எனக்கு நேர்முகத் தேர்வில் இது உதவியது. வழிகாட்டி நூல்களைவிட உண்மையான ஆணைகளைப் படித்துத்தான் நான் கற்றேன். மனப்பாடம் எளிதாக வருபவர்களுக்கு என் வழி மெதுவாகத் தோன்றலாம்.

நேரம்: முதல் ஐந்து நிமிடம் எழுதாதீர்கள். கோடு போடுங்கள்.

அக்காவின் வழக்கு இன்னும் நடக்கிறது. அடுத்த வாய்தாவில் பக்கத்து வீட்டு அம்மாளின் குறுக்கு விசாரணை. வருகிறேன் என்று உறுதியாகச் சொல்லியிருக்கிறார். பணி ஆணை வருவதற்கு முன் அந்த ஒரு நாள் நானும் அக்காவுடன் போகிறேன்.