கதவருகே உட்கார்ந்திருந்தவர்

நேற்று இரவு தூக்கம் வராமல் ஜேம்ஸ் ஆர்தர் ரேயைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். ஏடி அண்ட் டி என்ற அமெரிக்கத் தொலைபேசி நிறுவனத்தில் வேலை பார்த்தவர், அப்புறம் சுயமுன்னேற்றப் பேச்சாளர். 2006-இல், நினைப்பதே நடக்கும் என்று சொல்லும் ‘தி சீக்ரெட்’ படத்தில் தலைகாட்டியதும் புகழில் எங்கேயோ போய்விட்டார்.

2009 அக்டோபரில் அமெரிக்காவில் அரிசோனாவின் செடோனா அருகே அவர் நடத்திய ஒரு சுயமுன்னேற்ற முகாம். கட்டணம் ஏறக்குறைய 10,000 டாலர். கடைசி நாளில், வியர்த்து மனதைச் சுத்தப்படுத்தும் சடங்கு என்று, பழுக்கக் காய்ச்சிய கற்கள் கிடந்த இருட்டுக் கூடாரத்துக்குள் 50-க்கும் மேற்பட்டவர்களை உட்கார வைத்தார். வெந்து தவித்தவர்களைத் தாங்கிக்கொள்ளச் சொன்னார். மூன்று பேர் இறந்தார்கள். (அவர் மட்டும் கதவருகே!)

2011-இல் கவனக்குறைவால் மரணம் விளைவித்ததாக இரண்டு வருடச் சிறைத் தண்டனை. 2013-இல் வெளியே வந்தார். சரி, இனி ஒதுங்கிவிடுவார் என்று பார்த்தால், மறுபடியும் மேடை ஏறிவிட்டார். கேட்கவும் ஆள் இருந்தது.