விரைந்து விசாரிக்கக் கோரும் மனுக்கள்

கூடலூரிலிருந்து சுமார் 50 கிலோமீட்டர் மலைப்பாதையைக் கடந்து உதகை நீதிமன்றத்துக்கு வரும் தோட்டத் தொழிலாளி, சாட்சி வராததால் மீண்டும் வாய்தா என்று கேட்டுத் திரும்பும்போது, அன்றைய கூலியையும் இழந்துவிடுகிறார். எங்கள் பெரியப்பாவின் நிலவழக்கு இப்படித்தான் நீண்டது.

வழக்கை விரைந்து முடிக்க உத்தரவிடக் கோரி, அரசமைப்புச் சட்டத்தின் 227ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை அணுகலாம்; நீலகிரிக்காரர்கள் சென்னைக்கும், கொடைக்கானல்காரர்கள் மதுரைக் கிளைக்கும் செல்ல வேண்டும். ஆனால், விதிவிலக்கான சூழல்களில் தவிர, கீழமை நீதிமன்றங்களுக்குக் காலக்கெடு விதிக்கக் கூடாதென உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2024 பிப்ரவரியில் கூறியது. இது சரியென்றே நான் கருதுகிறேன். சென்னைக்குச் செல்லவும் வழக்கறிஞரை அமர்த்தவும் வசதியுள்ளவரின் வழக்கு முன்னே நகர்ந்தால், வசதியற்றவரின் வழக்கு மேலும் பின்தங்கும்.

சிறையில் இருப்பவரின் நிலை வேறு. விரைவான விசாரணை, அரசமைப்புச் சட்டத்தின் 21ஆவது பிரிவு தரும் வாழ்வுரிமையின் பகுதி என்று 1979இல் ஹுசைனாரா காத்தூன் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே நீதிமன்றம் 1991இல் அந்துலே வழக்கில் அளித்த தீர்ப்பு அவ்வுரிமையை உறுதிசெய்தபோதும், எல்லா வழக்குகளுக்கும் பொதுவான காலவரம்பை நிர்ணயிக்க மறுத்தது.

இன்று நடைமுறையில் அதிகம் உதவக்கூடியது, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த சட்டம்) 479ஆவது பிரிவு. இதற்குமுன் எந்தக் குற்றத்துக்கும் தண்டிக்கப்படாத விசாரணைக் கைதி, தன்மீது சாட்டப்பட்ட குற்றத்துக்கான உச்சபட்சத் தண்டனைக் காலத்தில் மூன்றில் ஒரு பங்கைச் சிறையில் கழித்திருந்தால், அவரைப் பிணையில் விடச் சிறைக் கண்காணிப்பாளரே நீதிமன்றத்துக்கு எழுத வேண்டும். மரணம் அல்லது ஆயுள் தண்டனைக்குரிய குற்றங்களுக்கும், வேறு வழக்குகளும் நிலுவையில் உள்ளவர்களுக்கும் இது பொருந்தாது. உறவினர் சிறையில் இருக்கும் குடும்பத்தினர், கட்டணமின்றி உதவும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவிடம் இதைப் பற்றிக் கேட்க வேண்டும்.